மனித உடல் தானாகத் தீப்பற்றுமா? சாம்பலான உடலும் எரியாத அறையும்

2010 டிசம்பரில் அயர்லாந்தின் கால்வே நகரில் 76 வயது முதியவர் ஒருவர் தன் வீட்டு அறையில் எரிந்து இறந்து கிடந்தார். உடல் பெரும்பாலும் எரிந்துபோயிருந்தது. உடலுக்குக் கீழே இருந்த தரையும் நேர் மேலே இருந்த கூரையும் கருகியிருந்தன. அறையின் மற்றப் பகுதிகளில் தீ பரவவில்லை. எரிதிரவம் ஊற்றிய தடயம் கிடைக்கவில்லை. வெளியாள் வந்துபோன அறிகுறியும் இல்லை. 2011 செப்டம்பரில் மரண விசாரணை அதிகாரி கியரன் மெக்லாக்லின் தன் முடிவைச் சொன்னார். இந்த மரணம் 'மனித உடல் தானாக எரிதல்' என்ற வகையில் வருகிறது, அதற்குப் போதுமான விளக்கம் இல்லை என்றார்.

ஓர் அரசு அதிகாரியே அப்படிப் பதிவு செய்ததால் செய்தி உலகம் முழுவதும் பரவியது. நம் உடல் திடீரென்று உள்ளிருந்து தீப்பற்றக் கூடுமோ என்ற அச்சம் பலருக்கு எழுந்தது. அதே அறையில் குளிர்காய்வதற்கான கணப்பு ஒன்று எரிந்துகொண்டிருந்தது, முதியவரின் தலை அதன் பக்கம்தான் இருந்தது என்ற விவரம் பல செய்திகளில் கடைசிப் பத்தியில்தான் வந்தது. கணப்பு காரணமல்ல என்று விசாரணையில் சொல்லப்பட்டது உண்மைதான். அந்தக் கூற்றை எப்படி எடைபோடுவது என்பதற்குப் பின்னால் வருவோம். முதலில் அடிப்படை.

புதிர் எங்கே இருக்கிறது?

இத்தகைய மரணங்கள் புதியவை அல்ல. 1731-இல் இத்தாலியின் செசேனா நகரில் கொர்னேலியா பாந்தி என்ற 62 வயதுப் பிரபுக் குடும்பப் பெண் இரவு படுக்கப் போனார். காலையில் பணிப்பெண் கதவைத் திறந்தபோது படுக்கைக்குச் சில அடி தள்ளி ஒரு சாம்பல் குவியலும், காலுறை அணிந்த இரண்டு கால்களும், தலையின் ஒரு பகுதியும் கிடந்தன. அறை முழுக்கப் பிசுக்கான கரி படிந்திருந்தது. 1800-இல் பியர் ஏமே லேர் என்ற பிரெஞ்சுக்காரர் இப்படிப்பட்ட சம்பவங்களைத் தொகுத்துப் பொதுவான கூறுகளைப் பட்டியலிட்டார். இறந்தவர்களில் வயதான பெண்கள் அதிகம், மது அருந்துபவர்கள் அதிகம், உடல் பருத்தவர்கள் அதிகம், கை கால் நுனிகள் மிஞ்சுகின்றன, சுவரில் எண்ணெய்ப் பிசுக்குப் படிகிறது என்பவை அவற்றில் சில. இருநூறு ஆண்டுகள் கழித்தும் அந்தப் பட்டியல் ஏறக்குறையப் பொருந்துகிறது. ஆக, கேட்க வேண்டிய கேள்விகள் இவை:

1. எலும்புவரை சாம்பலாக்கும் தீ ஒரு சாதாரண அறையில் எப்படி உண்டாகிறது?
2. உடலின் நடுப்பகுதி அழிந்தபின் கால்கள் மட்டும் எப்படி மிஞ்சுகின்றன?
3. அருகிலிருக்கும் பொருட்கள் ஏன் எரியவில்லை?
4. தீப்பற்றியவர் ஏன் எழுந்து ஓடவில்லை, ஏன் கத்தவில்லை?

இந்த நான்கிலும் 'தீ எங்கிருந்து வந்தது' என்ற கேள்வி இல்லை. நான்கும் தீ பற்றிய பிறகு நடந்ததைப் பற்றியவை. தீ தொடங்கிய விதமும் அது எரிந்த விதமும் தனித்தனி விஷயங்கள். இந்த விவகாரத்தில் உள்ள குழப்பத்தின் பெரும்பகுதி இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் கலக்குவதால் வருகிறது.

தானாகப் பற்றும் பொருட்கள் உண்டு

'தானாகப் பற்றுதல்' என்பது கற்பனை அல்ல. ஆளிவிதை எண்ணெயில் நனைந்த துணியைச் சுருட்டிப் போட்டால் சில மணி நேரத்தில் அது புகைந்து எரியலாம். ஈரத்தோடு அடுக்கிய வைக்கோல் போரும் நிலக்கரிக் குவியலும் அப்படியே. எண்ணெய் காற்றிலுள்ள ஆக்சிஜனோடு மெதுவாக வினைபுரிந்து வெப்பத்தை வெளிவிடுகிறது. துணி விரித்துக் கிடந்தால் அந்த வெப்பம் காற்றில் போய்விடும். சுருட்டிக் கிடந்தால் உள்ளேயே தேங்கும். வெப்பம் கூடக்கூட வினை வேகமெடுக்கும். வேகமெடுக்கும் வினை இன்னும் வெப்பம் தரும். ஒரு கட்டத்தில் துணி பற்றிக்கொள்ளும்.

ஆகவே எந்தப் பொருளும் தானாகப் பற்ற மூன்று நிபந்தனைகள் சேர்ந்து அமைய வேண்டும். உள்ளே வெப்பம் உண்டாக வேண்டும். அது வெளியேறாமல் தேங்க வேண்டும். பற்றுநிலையைத் தொடுவதற்குள் பொருள் உலர்ந்துவிட வேண்டும். உயிருள்ள உடலில் முதலாவது இருக்கிறது. மற்ற இரண்டும் இல்லை.

ஒரு கணக்கு

70 கிலோ எடையுள்ள ஒருவரை எடுத்துக்கொள்வோம். அவர் உடலில் சுமார் 60 சதவீதம், அதாவது 42 கிலோ தண்ணீர். ஓய்வில் இருக்கும்போது அவர் உடல் 80 முதல் 100 வாட் வெப்பத்தை உண்டாக்குகிறது.

இந்த வெப்பம் துளிகூட வெளியேறவில்லை என்று வைத்துக்கொள்வோம். வியர்வை இல்லை, மூச்சுவழி இழப்பு இல்லை, தோல் வழியாகவும் எதுவும் போகவில்லை. நடக்கவே முடியாத சூழல்தான். இருந்தாலும் கணக்குக்காக ஏற்போம். அப்போதுகூட உடல் வெப்பநிலை மணிக்கு 1 முதல் 1.5 டிகிரி செல்சியஸ் அளவில்தான் ஏறும். 4, 5 மணி நேரத்தில் 42, 43 டிகிரியைத் தொடும். அங்கே மனிதர் இறந்துவிடுவார். இறந்ததும் வெப்ப உற்பத்தியும் நின்றுவிடும். துணியும் காகிதமும் பற்றுவதற்கே 200 டிகிரிக்கு மேல் வேண்டும். 43 எங்கே, 200 எங்கே?

தண்ணீர் இன்னொரு தடை. 42 கிலோ தண்ணீரை 37 டிகிரியிலிருந்து கொதிநிலைக்குக் கொண்டுபோக சுமார் 11 மெகாஜூல் ஆற்றல் தேவை. அதை முழுதும் ஆவியாக்க மேலும் 95 மெகாஜூல். மொத்தம் 106 மெகாஜூல். ஓய்விலிருக்கும் உடல் ஒரு நாள் முழுக்க உண்டாக்குவது 7 முதல் 9 மெகாஜூல்தான். உலர்வதற்கே இரண்டு வாரம் ஆகும், அதுவும் இறந்தவர் தொடர்ந்து வெப்பம் உண்டாக்கினால்.

இதைத் தாண்டி எந்த மர்மக் கோட்பாடும் போக முடியாது. உள்ளிருந்து பற்றுகிறது என்று சொல்பவர் அந்த ஆற்றல் எங்கிருந்து வந்தது என்பதைக் காட்டியாக வேண்டும். இதுவரை யாரும் காட்டவில்லை.

வெளியிலிருந்து பற்றிவிட்டால்?

சரி, கணக்கை இப்போது திருப்பிப் போடுவோம். அதே மனிதரின் உடலில் 15 கிலோ கொழுப்பு இருப்பதாகக் கொள்ளலாம். ஒரு கிலோ கொழுப்பு எரிந்தால் சுமார் 38 மெகாஜூல் கிடைக்கும். 15 கிலோவுக்கு 570 மெகாஜூல். உடலின் தண்ணீர் முழுவதையும் விரட்டத் தேவைப்படுவதைப் போல ஐந்து மடங்கு. அதாவது உடலால் தன்னைப் பற்றவைத்துக்கொள்ள முடியாது. ஆனால் வெளியிலிருந்து ஒரு பொறி வந்து கொழுப்பை எட்டிவிட்டால், தொடர்ந்து எரிவதற்கான எரிபொருள் உள்ளேயே இருக்கிறது.

கொழுப்பு சும்மா பற்றாது. உருக்கிய மனிதக் கொழுப்பை நேரடியாகப் பற்றவைக்க சுமார் 250 டிகிரி வேண்டும். இந்த இடத்தில்தான் உடுத்திய துணி நுழைகிறது. மெழுகுவர்த்தியில் மெழுகு வெளியே, திரி உள்ளே. இங்கே கொழுப்பு உள்ளே, துணி வெளியே. உடையில் பற்றிய தீ சில நிமிடங்களில் தோலைச் சுருக்கிப் பிளக்கிறது. கீழிருக்கும் கொழுப்பு உருகி வடிந்து, கருகிய துணியில் ஊறுகிறது. ஊறிய கொழுப்பு ஆவியாகி எரிகிறது. அந்தச் சூட்டில் அடுத்த பகுதிக் கொழுப்பு உருகுகிறது. இதற்குப் பெயர் திரி விளைவு. உடைக்குப் பதிலாகக் கம்பளி, தரைவிரிப்பு, மெத்தை நாற்காலியின் பஞ்சு எதுவும் திரியாகலாம்.

இது வெறும் ஊகம் அல்ல, செய்து பார்த்திருக்கிறார்கள். 1965-இல் இங்கிலாந்தின் லீட்ஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த டேவிட் ஜீ என்ற தடயவியல் மருத்துவர் மனிதக் கொழுப்பை உருளையாக்கி, தோல் சுற்றி, அதன்மேல் துணி சுற்றி ஒரு முனையில் தீ வைத்தார். மஞ்சள் சுடருடனும் ஏராளமான கரியுடனும் அது மெல்ல நகர்ந்து, முழு நீளமும் எரிய ஏறக்குறைய ஒரு மணி நேரம் எடுத்துக்கொண்டது. துணியில் ஊறிய கொழுப்பு, அதன் வெப்பநிலை 24 டிகிரிவரை இறங்கியபோதும் அணையாமல் எரிந்தது.

1998-இல் பிபிசி நிகழ்ச்சி ஒன்றுக்காக அமெரிக்கத் தீ விசாரணை நிபுணர் ஜான் டிஹான் இன்னும் பெரிதாகச் செய்து காட்டினார். வீட்டு அறை போல அமைத்த இடத்தில், இறந்த பன்றி ஒன்றைக் கம்பளியில் சுற்றிச் சிறிதளவு பெட்ரோல் தெளித்துப் பற்றவைத்தார். பெட்ரோல் சில நிமிடங்களில் தீர்ந்துபோனது. தீ நிற்கவில்லை. 5 மணி நேரத்துக்கு மேல் தாழ்ந்த சுடராக எரிந்தது. எரிந்த பகுதியில் எலும்புகள் தொட்டால் நொறுங்கும் நிலைக்கு வந்திருந்தன. பன்றியைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம், அதன் கொழுப்பின் அளவும் தன்மையும் மனித உடலுக்கு நெருக்கமானவை.

நான்கு கேள்விகளுக்கும் பதில்

*எலும்பு.* தகன உலையில் 760 முதல் 980 டிகிரி வெப்பத்தில் எரித்தபின்னும் எலும்புத் துண்டுகள் மிஞ்சுகின்றன, அவற்றை அரைத்துத்தான் பொடியாக்குகிறார்கள், அப்படியிருக்க ஓர் அறையில் எப்படி என்று கேட்பார்கள். நல்ல கேள்வி. விடை நேரத்தில் இருக்கிறது. தகன உலை ஒன்றிரண்டு மணி நேரத்தில் வேலையை முடிக்க வேண்டியது. அதனால்தான் அவ்வளவு வெப்பம். திரி விளைவில் எரியும் உடலுக்கு ஓர் இரவு முழுக்க நேரம் இருக்கிறது. சுடர் சிறியதுதான், ஆனால் அது படும் இடத்தில் எலும்பின் கரிமப் பொருள் முழுதும் எரிந்துபோகிறது. மிஞ்சுவது சாம்பல் நிறக் கனிமக் கூடு. அது வடிவம் மாறாமல் கிடந்தாலும், கை பட்டாலோ அகற்றும்போதோ பொடியாகிவிடும். முதியவர்களின் மெலிந்த எலும்புகள் இன்னும் எளிதாக நொறுங்குகின்றன. எலும்பு மெலிவு உள்ளவற்றையும் ஆரோக்கியமானவற்றையும் எரித்து ஒப்பிட்ட ஏஞ்சி கிறிஸ்டென்சன் என்ற மானுடவியலாளர் 2002-இல் வெளியிட்ட ஆய்வு இதை உறுதிப்படுத்தியது. லேரின் பட்டியலில் வயதான பெண்கள் ஏன் அதிகம் என்பதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

*கால்கள்.* தீ மேல்நோக்கிப் போகும். உட்கார்ந்திருப்பவரின் பாதம் தீக்குக் கீழே இருக்கிறது. முழங்காலுக்குக் கீழே கொழுப்பு குறைவு, பெரும்பாலும் துணியும் இல்லை. எரிபொருளும் திரியும் முடிந்த இடத்தில் தீ அணைகிறது. கால் மிஞ்சுவதே திரி விளைவுக்கு வலுவான சான்று. உடலுக்குள்ளிருந்து ஏதோ வெடித்துப் பற்றுகிறது என்றால் துணி எங்கே முடிகிறது என்பதைப் பார்த்து அது நிற்க வேண்டிய அவசியம் என்ன?

*அறை.* 10 கிலோ கொழுப்பு 6 மணி நேரத்தில் எரிந்தால் சராசரி 18 கிலோவாட் வெப்பம் வருகிறது. சிறிய குப்பைத்தொட்டியில் பற்றிய தீயை விடவும் இது குறைவாகவே இருக்கக் கூடும். ஒரு வழக்கமான அறை முழுதும் ஒரே மூச்சில் பற்றிக்கொள்ள 1000 கிலோவாட் அளவிலான தீ வேண்டும். அருகிலிருக்கும் பொருள்மீது படும் கதிர்வீச்சு வெப்பமும் தூரம் கூடக்கூட விரைவாகக் குறைந்துபோகிறது. ஓரடி தள்ளியிருக்கும் செய்தித்தாள் பற்றாமல் போவது அதிசயமல்ல. சூடான புகை மட்டும் மேலே ஏறிக் கூரையடியில் தேங்கும். அதனால்தான் இச்சம்பவங்களில் சுவரின் மேற்பாதி பிசுக்கும் கரியுமாக இருக்கிறது, கீழ்ப்பாதி சுத்தமாக இருக்கிறது. மூடிய அறையில் ஆக்சிஜன் குறையக் குறையத் தீ இன்னும் தாழ்ந்து போகும்.

*அசைவின்மை.* இதற்கு இயற்பியல் தேவையில்லை. இறந்தவர்களின் நிலையைப் பார்த்தால் போதும். பெரும்பாலானோர் தனியாக இருந்தவர்கள். முதுமை, மது, தூக்க மாத்திரை, உடல் ஊனம் இவற்றில் ஒன்றோ பலவோ இருந்தன. மாரடைப்பிலோ பக்கவாதத்திலோ விழுந்த ஒருவர் கையிலிருந்த சிகரெட் மடியில் விழலாம். தீப்பற்றும்போது அவர் உயிரோடு இல்லாமலும் இருக்கலாம். மெத்தைப் பஞ்சு சுடரில்லாமல் கனன்றுகொண்டிருக்கும் நேரத்தில் வெளிவரும் கார்பன் மோனாக்சைடு, உறங்குபவரை எழவிடாமலே கொல்லும்.

ஜோ நிக்கல், ஜான் ஃபிஷர் என்ற இருவர் 30 பழைய சம்பவங்களை இரண்டு ஆண்டு ஆராய்ந்து 1984-இல் முடிவுகளை வெளியிட்டார்கள். உடல் குறைவாக எரிந்த இடங்களில் உடுத்திய துணி மட்டுமே எரிபொருளாக இருந்தது. உடல் பெரிதும் அழிந்த இடங்களில் நாற்காலிப் பஞ்சு, மரத்தரை, விரிப்பு என்று கூடுதல் எரிபொருள் இருந்தது. விளக்கு, மெழுகுவர்த்தி, கணப்பு, சிகரெட் என்று பற்றவைக்கக் கூடிய ஏதோ ஒன்றும் பெரும்பாலும் அருகில் இருந்தது. செசேனா பெண்ணின் அறையிலும் தரையில் எண்ணெய் தீர்ந்த விளக்கு ஒன்று சாம்பல் படிந்து கிடந்தது. அவர் உடல் வலிக்குக் கற்பூரம் கலந்த சாராயத்தைத் தேய்த்துக்கொள்ளும் பழக்கமுள்ளவர். 18-ஆம் நூற்றாண்டின் பதிவிலேயே இவை எல்லாம் எழுதப்பட்டிருக்கின்றன. ஆனால் கதை பரவும்போது விளக்கும் சாராயமும் உதிர்ந்துபோயின.

மேரி ரீசர், 1951

இந்த வரிசையில் மிகவும் பேசப்பட்டது அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்தில் உள்ள செயின்ட் பீட்டர்ஸ்பர்க் நகரில் நடந்தது. 1951 ஜூலை 2 காலை, மேரி ரீசர் என்ற 67 வயதுப் பெண்ணின் குடியிருப்புக்கு வந்தவர்கள் கதவுப் பிடி சூடாக இருப்பதை உணர்ந்தார்கள். உள்ளே, எரிந்த நாற்காலியின் கம்பிச் சுருள்களுக்கிடையே சாம்பல். செருப்போடு இடது பாதம் மட்டும் முழுதாக இருந்தது. மண்டை ஓடு சுருங்கிச் சிறுத்திருந்ததாகவும் சொல்லப்பட்டது. காவல்துறை தடயங்களை எஃப்பிஐ ஆய்வகத்துக்கு அனுப்பியது. மானுடவியலாளர் வில்டன் குரோக்மன் இந்தச் சம்பவம் தன்னைத் திகைக்கவைத்ததாக எழுத, பத்திரிகைகள் அதைப் பிடித்துக்கொண்டன.

பதிவுகளில் இருக்கும் மற்ற விவரங்களை வரிசையாக வைத்துப் பார்க்கலாம்.

1. முந்தைய மாலை அவரைப் பார்த்துவிட்டுப் போன மகன் ஒரு மருத்துவர். அம்மா இரவு உடையில், மெத்தை நாற்காலியில் அமர்ந்து சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தார் என்றார் அவர். இரண்டு தூக்க மாத்திரை போட்டாயிற்று, இன்னும் இரண்டு போடப் போகிறேன் என்றும் அம்மா சொல்லியிருந்தார்.
2. இரவு உடை ரேயான் அசிடேட் துணி. எளிதில் பற்றுவது.
3. அவர் பருத்த உடலுடையவர்.
4. கடைசியாக அவரை உயிரோடு பார்த்ததற்கும் கண்டெடுத்ததற்கும் இடையே ஏறக்குறைய 11 மணி நேரம்.
5. சுவரில் உயரத்தில் இருந்த பிளாஸ்டிக் பொருட்கள் உருகின. கீழே இருந்தவை அப்படியே இருந்தன.

எரிதிரவம் எதையும் எஃப்பிஐ கண்டுபிடிக்கவில்லை. உடை பற்றி, உடல் கொழுப்பு உருகி, அதுவே எரிபொருளாகித் தீ தொடர்ந்தது என்பதுதான் அதன் முடிவு. மண்டை ஓட்டைப் பொறுத்தவரை, கடும் வெப்பத்தில் எலும்பு சிறிதளவு சுருங்கும். ஆனால் மண்டை ஓடு விரிசல் விட்டுத் துண்டுகளாக உடைவதே வழக்கம். உடைந்த துண்டையோ வேறொரு கட்டியையோ சுருங்கிய தலையாகக் கண்டிருக்க வாய்ப்பு அதிகம். மேலே உள்ள ஐந்தையும் படித்த பிறகும் இதில் எஞ்சும் புதிர் அவ்வளவுதான். ஆனாலும் இந்தப் பெண்ணின் பெயர் இன்றுவரை 'விளக்க முடியாத மரணம்' என்ற தலைப்பிலேயே சுற்றிவருகிறது.

நிலைக்காத விளக்கங்கள்

மதுவே உடலை எரிபொருளாக்குகிறது என்பது மிகப் பழைய நம்பிக்கை. ரத்தத்தில் ஆல்கஹால் 0.4 சதவீதத்தைத் தொட்டாலே உயிருக்கு ஆபத்து. ஒரு திரவம் பற்றிக்கொள்ள ஆல்கஹால் அதைவிடப் பல பத்து மடங்கு வேண்டும். ஆல்கஹாலில் ஊறவைத்த உடல் உறுப்புகளைக்கூடக் கொளுத்தினால் ஆல்கஹால் மட்டுமே எரிந்து தீர்கிறது, தசை எரியவில்லை என்று ஜெர்மன் வேதியியலாளர் யுஸ்டுஸ் ஃபான் லீபிக் 19-ஆம் நூற்றாண்டிலேயே சுட்டிக்காட்டினார். மதுவுக்கு இதில் பங்கு உண்டு. அது மனிதரை எழ முடியாமல் ஆக்குகிறது, அவ்வளவே.

குடலில் உண்டாகும் மீத்தேன் என்பார்கள். மாடுகள் இதைவிடப் பல மடங்கு மீத்தேன் விடுகின்றன. அவை தொழுவத்தில் பற்றிக்கொள்வதில்லை. நிலைமின்சாரப் பொறி பெட்ரோல் ஆவியைப் பற்றவைக்கப் போதும், ஈரமான தசையைப் பற்றவைக்கப் போதாது. உடலிலுள்ள பாஸ்பரஸ் பற்றியும் பேச்சு எழும். வெண்பாஸ்பரஸ் காற்றில் 30 டிகிரி அளவிலேயே பற்றும் என்பது உண்மை. ஆனால் உடலில் இருப்பது வெண்பாஸ்பரஸ் அல்ல. எலும்பிலும் செல்களிலும் ஆக்சிஜனோடு ஏற்கெனவே இணைந்துவிட்ட பாஸ்பேட். அது எரியாது.

2012-இல் பிரிட்டன் உயிரியலாளர் பிரையன் ஃபோர்டு, பட்டினியிலும் நீரிழிவிலும் உடலில் சேரும் அசிட்டோன் காரணமாகலாம் என்றார். அசிட்டோனில் ஊறவைத்த பன்றி இறைச்சியில் பொம்மைகள் செய்து எரித்தும் காட்டினார். மற்றவற்றைவிட இது மதிக்கத்தக்க முயற்சி. ஆனால் இறைச்சியை ஊறவைத்த அளவுக்கு அசிட்டோன் உயிருள்ள ரத்தத்தில் சேர்வதில்லை. அதற்கும் ஒரு பொறி வெளியிலிருந்தே வர வேண்டும்.

இந்த நம்பிக்கைக்குப் பின்னால் கொலை ஒளியலாம்

1847 ஜூன் மாதம் ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட் நகரில் கியோர்லிட்ஸ் பிரபுவின் மனைவி தன் அறையில் பாதி எரிந்து இறந்து கிடந்தார். அந்தக் காலத்தில் படித்த மருத்துவர்களிடமே உடல் தானாக எரியும் என்ற நம்பிக்கை இருந்தது. இந்த மரணத்துக்கும் அந்த விளக்கம் முன்வைக்கப்பட்டது. வீட்டுப் பணியாளர் யோஹான் ஸ்டௌஃப்மீது சந்தேகம் விழுந்து வழக்கு நடந்தபோது, லீபிக்கும் உடற்கூறியலாளர் பிஷோஃபும் நிபுணர்களாகச் சாட்சி சொன்னார்கள். உடல் தானாக எரிவதற்கு வேதியியலில் இடமில்லை என்று லீபிக் விளக்கினார். 1850-இல் ஸ்டௌஃப் குற்றவாளி என்று தீர்ப்பானது. திருட வந்த இடத்தில் கொன்று, மறைக்கத் தீ வைத்ததைப் பின்னர் அவரே ஒப்புக்கொண்டார்.

1991-இல் அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில் மெட்ஃபோர்டு நகருக்கு அருகே ஒரு காட்டில் நடந்தது இன்னும் தெளிவானது. மலையேறச் சென்ற இருவர் எரிந்துகொண்டிருந்த ஒரு பெண்ணின் உடலைக் கண்டு தகவல் சொன்னார்கள். அவர் பருத்த உடலுடையவர், கத்தியால் குத்தப்பட்டிருந்தார். இடுப்பெலும்பும் முதுகெலும்பும் சாம்பல் நிறப் பொடியாகியிருந்தன. கொலையாளி பிடிபட்டு, உடையில் அடுப்பு மூட்டும் திரவத்தை ஊற்றித் தீக்குச்சி கிழித்ததை ஒப்புக்கொண்டார். தீ ஏறக்குறைய 13 மணி நேரம் எரிந்திருந்தது. எரிந்துகொண்டிருக்கும் நிலையிலேயே கண்டுபிடிக்கப்பட்டு, தொடங்கிய விதமும் வாக்குமூலமாகக் கிடைத்த அரிய சம்பவம் இது. அதே உடல் ஒரு பூட்டிய வீட்டுக்குள் மறுநாள் கிடைத்திருந்தால், தானாக எரிந்தது என்ற பேச்சு நிச்சயம் கிளம்பியிருக்கும்.

'தெரியவில்லை' என்பதும் ஒரு முடிவுதான்

இப்போது கால்வேக்குத் திரும்பலாம். அங்கே நடந்த தர்க்கம் இது: எரிதிரவம் இல்லை, வெளியாள் இல்லை, கணப்பும் இல்லை, ஆகவே தானாக எரிந்தது. ஒவ்வொன்றாக நீக்கிவிட்டு, சான்றே இல்லாத ஒன்றைக் காரணமாக நிறுத்தும் முறை இது. தீ விசாரணைக்கு வழிகாட்டியாகப் பல நாடுகளில் எடுத்தாளப்படும் அமெரிக்காவின் என்எஃப்பிஏ 921 ஆவணம், தன் 2011 பதிப்பில் இந்த முறையை அறிவியலுக்குப் பொருந்தாதது என்று வெளிப்படையாக ஒதுக்கியது. காரணத்துக்கு நேரடிச் சான்று இல்லையென்றால் 'தீர்மானிக்க இயலவில்லை' என்று எழுத வேண்டும் என்பதே அதன் நிலைப்பாடு.

கணப்பு காரணமல்ல என்பதையும் இதே கண்ணோடு பார்க்க வேண்டும். கணப்பிலிருந்து ஒரு தணல் தெறித்து உடையில் விழுந்திருந்தால், உடையோடு சேர்ந்து அந்தத் தடயமும் எரிந்துவிடும். சிகரெட்டும் அப்படித்தான். பற்றவைத்த பொருள் கிடைக்கவில்லை என்பது, பற்றவைத்த பொருளே இல்லை என்பதற்குச் சான்றாகாது. அந்த முதியவரைக் கொன்றது தணல்தான் என்று நான் சொல்லவில்லை. அதைச் சொல்லவும் சான்று வேண்டும். ஆனால் தணலா இல்லையா என்று தெரியாத நிலை வேறு, இயற்பியல் இடம் கொடுக்காத ஒன்றைக் காரணமாகப் பதிவது வேறு.

இத்தகைய ஒரு மரணத்தை முறையாக விசாரிக்க வேண்டுமென்றால் கேட்க வேண்டியவை:

1. கடைசியாக உயிரோடு பார்த்த நேரம் எது, கண்டெடுத்த நேரம் எது? இடைவெளி 5 மணி நேரத்துக்கு மேல் என்றால் பாதி விடை அங்கேயே இருக்கிறது.
2. மூச்சுக்குழலில் கரி இருக்கிறதா, ரத்தத்தில் கார்பன் மோனாக்சைடு ஏறியிருக்கிறதா? தீப்பற்றியபோது உயிர் இருந்ததா என்பதை இவை சொல்லும்.
3. ரத்தத்தில் மது, தூக்க மருந்து?
4. கைக்கெட்டும் தூரத்தில் நெருப்பு, வெப்பம், மின்கருவி எவை இருந்தன? புகைக்கும் பழக்கம் உண்டா?
5. உடை, நாற்காலி, விரிப்பு எந்தப் பொருளால் ஆனவை, எவ்வளவு எரிந்தன?
6. எரியாமல் மிஞ்சிய உடல் பகுதியிலும் எலும்பிலும் காயமோ முறிவோ உண்டா? வெப்பத்தால் வரும் விரிசலையும் அடியால் வரும் முறிவையும் அனுபவமுள்ள தடயவியலாளர் பெரும்பாலும் பிரித்தறிய முடியும்.

ஆறாவது கேள்வியை விட்டுவிட்டால் டார்ம்ஸ்டாட் மறுபடி நடக்கலாம். நான்காவதையும் ஐந்தாவதையும் விட்டுவிட்டால் தடுக்கக்கூடிய மரணங்கள் தடுக்கப்படாமல் போகும். பிரிட்டன் 1988-இல் வீட்டு மெத்தை இருக்கைகளுக்குத் தீ எதிர்ப்பு விதிகளைக் கொண்டுவந்தது. நியூயார்க் மாநிலம் 2004-லும் ஐரோப்பிய ஒன்றியம் 2011-லும், இழுக்காமல் விட்டால் தானே அணையும் சிகரெட்டுகளைக் கட்டாயமாக்கின. நாற்காலியில் விழுந்த சிகரெட் எத்தனை பேரைக் கொல்கிறது என்று எண்ணிப் பார்த்தவர்கள் கொண்டுவந்த விதிகள் இவை.

குழந்தைகள் விஷயத்தில்

2013-இல் தமிழ்நாட்டில் சில மாதக் குழந்தை ஒன்று திரும்பத் திரும்பத் தானாகத் தீப்பற்றுவதாகச் சொல்லிச் சென்னை கீழ்ப்பாக்கம் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுவரப்பட்டது. செய்தி நாடு கடந்து போனது. தோலில் எரியக்கூடிய வாயு சுரக்கிறது என்றெல்லாம் விளக்கங்கள் உலவின. மருத்துவர்களின் பரிசோதனைகளில் அப்படி எதுவும் கிடைக்கவில்லை. மருத்துவமனையில் கண்காணிப்பில் இருந்த நாட்களில் குழந்தை பற்றவும் இல்லை.

மேலே போட்ட கணக்கு பச்சிளம் குழந்தைக்கு இன்னும் கடுமையாகப் பொருந்தும். பிறந்த குழந்தையின் உடலில் தண்ணீரின் பங்கு பெரியவர்களைவிட அதிகம், 70 சதவீதத்துக்கு மேல். எடைக்கு ஒப்பிட்டால் தோலின் பரப்பும் அதிகம், அதனால் வெப்பம் இன்னும் விரைவாக வெளியேறும். அது தன்னைச் சூடாக வைத்துக்கொள்ளவே சிரமப்படும் உடல். ஆகவே ஒரு குழந்தைக்குத் தீக்காயம் என்றால் வெப்பமோ, தீயோ, ஒரு ரசாயனமோ வெளியிலிருந்து அதன்மேல் பட்டிருக்கிறது. விபத்தாக இருக்கலாம், யாரும் கவனிக்காத ஒரு ரசாயனமாக இருக்கலாம், யாரேனும் செய்ததாகவும் இருக்கலாம். எது என்று தெரியும்வரை குழந்தையைப் பாதுகாப்பான இடத்தில் வைத்திருப்பது, காயத்தின் வடிவத்தையும் ஆழத்தையும் பதிவு செய்வது, பழைய முறிவுகள் உண்டா என்று எலும்புகளைப் படமெடுத்துப் பார்ப்பது, உடையையும் தோலையும் ரசாயனச் சோதனைக்கு அனுப்புவது, வீட்டிலுள்ள மற்றக் குழந்தைகளையும் பரிசோதிப்பது ஆகியவையே மருத்துவமனையும் குழந்தைகள் நல அதிகாரிகளும் உடனே செய்ய வேண்டியவை. 'தானாகப் பற்றியது' என்று நோயேட்டில் எழுதிவிட்டால் இவற்றில் எதுவும் நடக்காது. குழந்தை அதே வீட்டுக்குத் திரும்பும்.